மேல்வரிசை, இடப்பக்கம், இரண்டாவது பல்

1

ஒட்டுக்கேட்டதுதான். மறைப்பானேன்? இந்தக் கதை என் சொந்தச் சரக்கில்லை.

ஒரு சாயங்காலம், ஆறு மணி தாண்டிய நேரம். ஆபீஸ்களும் கடைகளும் மனிதர்களைத் தெருவில் கொட்டிக்கொண்டிருந்தன. பஸ் நிறுத்தத்து பெஞ்சில் நான் செய்தித்தாளை விரித்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். (படிக்கவில்லை. காதைத் தீட்டிக்கொண்டு உட்காருகிறவர்களுக்கு அது ஒரு திரை, அவ்வளவுதான்.) எனக்கு இரண்டு இடம் தள்ளி ஓர் ஆள். அவருக்கு அந்தப் பக்கம் ஒரு பெண்மணி. இரண்டு பேரும் முன்பின் தெரியாதவர்கள் என்பது, நடுவில் விட்டிருந்த இடைவெளியிலேயே தெரிந்தது. அந்த ஆள் அவளிடம் கேட்டார்:

"அதைக் கொஞ்சம் கழற்றித் தர்றீங்களா? பல் செட்டை."

அவள் அடிக்கவில்லை. கத்தவில்லை. கையால் வாயைப் பொத்திக்கொண்டு அவரையே பார்த்தாள்.

அந்த நேரம் பார்த்து என் பஸ் வந்தது. நாற்பது நிமிஷமாக வராத சனியன், அப்போது வந்தது. கால் பழக்கதோஷத்தில் ஏறிவிட்டது. ஜன்னலோரம் இடம் கிடைத்து எட்டிப் பார்ப்பதற்குள் வண்டி திரும்பிவிட்டது.

இப்படி ஒரு கேள்வியை வீட்டுக்குக் கொண்டுபோனால் யாருக்குச் சோறு இறங்கும்? அந்நியப் பெண்ணிடம் ஒருவர் பல்லைக் கழற்றித் தரச்சொல்லிக் கேட்கவேண்டுமானால், அதற்கு முன்னால் என்னவெல்லாம் நடந்திருக்கவேண்டும்? அவள் அடிக்காமல் இருக்கவேண்டுமானால்? ஆக, நான் காதால் கேட்டது ஒரே வாக்கியம். மற்றதெல்லாம் என் பொறுப்பு.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்: "மழை தூறிக்கொண்டிருந்த அந்தி வேளையில், தனிமையின் பாரத்தைத் தோளில் சுமந்தபடி அவர்..."

அன்று மழை இல்லை. அவர் தோளில் இருந்ததும் தனிமை இல்லை, சாப்பாட்டுப் பை. அடித்துவிட்டேன்.

அடுத்தது: "பற்கள் என்பவை மனித முகத்தின்..." (பள்ளிக்கூடக் கட்டுரை. மேலே எழுத எனக்கே கொட்டாவி வந்தது.)

கடைசியில் எனக்குத் தெரிந்த வழிக்கே வந்தேன். மறுநாள் போய், ஆளின் அடையாளம் சொல்லி விசாரித்தேன். நிறுத்தத்திலிருந்து இரண்டு தெரு தள்ளி, மருந்துக்கடைக்கு மேலே மாடியில், பல் செட் செய்கிற பட்டறை. "அவரா? செட்டுக்காரர். மேலே இருக்கார், போங்க" என்றார் மருந்துக்கடைக்காரர். படியேறிப் போய், "இங்கே தையற்கடை எங்கே இருக்குங்க?" என்று கேட்டேன். "அடுத்த தெரு" என்று தலையை நிமிர்த்தாமல் சொன்னார். அதற்குள் நான் பார்க்கவேண்டியதைப் பார்த்துவிட்டேன். ஆள் அவரேதான்.

சுவர் முழுக்கத் தட்டு. தட்டு முழுக்க வாய்கள்! டாக்டர்கள் நோயாளியின் வாயில் அச்செடுத்து அனுப்புவார்கள். இவர் அதில் மாவைக் கரைத்து ஊற்றி, காய்ந்ததும் உரித்தால், வெள்ளையாக ஒரு வாய் வரும். அதன்மேல் மெழுகில் பல் நட்டு, அப்புறம் ரோஜா நிறப் பிளாஸ்டிக்கில் வார்த்து, தேய்த்து, மெருகேற்றி டாக்டருக்கே அனுப்புவார். ஒவ்வொரு வாய்க்கும் ஒரு நம்பர். பெயர் கிடையாது, முகம் கிடையாது. முப்பது வருஷமாக ஊரில் பாதிப்பேரின் வாயைத் தெரிந்துவைத்திருக்கும் மனிதரிடம், அந்த வாய்களில் ஒன்றுகூட "நல்லா இருக்கீங்களா" என்று கேட்டதில்லை.

அவருக்கு இரண்டு பெருமைகளைக் கொடுத்தேன். ஒன்று, மேல்வரிசையில் இடப்பக்கம் இரண்டாவது பல்லை ஒரு மயிரிழை திருப்பி நடுவார். ஸ்கேல் வைத்ததுபோல் நின்றால் அது பல்லா, வேலிக்கம்பியா? இரண்டாவது பெருமை பெரியது. அவர் கையால் போன செட்டு ஒன்றுகூட இன்றுவரை உடைந்து திரும்பி வந்ததில்லை. மேலண்ணத்தில், முன்பல்லுக்குப் பின்னால், மற்றவர்கள் விடுவதைவிட ஒரு நகக்கனம் கூடுதலாக விடுவார். பலம் அங்கேதான் என்பது அவர் கட்சி.

3

எழுதும்போது முதல் வேலையாக அவருடைய மனைவியைக் கொன்றுவிட்டேன்.

மனைவி இல்லாதவர் என்றால் நீங்கள் உடனே இரங்குவீர்கள், எனக்கும் வேலை மிச்சம். இரண்டு பக்கம் போனதும் கூச்சமாகிவிட்டது. பட்டறை மேசையில் சாப்பாட்டு டப்பா கழுவிக் கவிழ்த்திருந்ததைப் பார்த்தேனே! மூடியில் ஒரு சீட்டு ஒட்டியிருந்தது: "மிச்சம் வைக்காதீங்க." அப்படி எழுதுகிறவள் செத்தவளாக இருக்க முடியாது. எழுதியதையெல்லாம் அடித்து, அந்த அம்மாவைத் திரும்ப உயிரோடு உட்காரவைத்தேன். வாய்த்துடுக்கும் கொடுத்தேன். சொந்தப் பல், அதனால் தைரியமாகப் பேசுகிறவள்.

ஆக, செட்டுக்காரர் ஏக்கத்தோடு அலைகிற ஆளில்லை. வேலை முடித்து வீட்டுக்குப் போகிற ஆள். இது முக்கியம். இல்லாவிட்டால் அடுத்து அவர் செய்யப்போவதைப் பார்த்துத் தப்பாக நினைப்பீர்கள். (அப்படியும் நினைப்பீர்கள்.)

4

பெஞ்சில் அந்தப் பெண்மணி முன்னாலேயே உட்கார்ந்திருந்தாள். ஐம்பது தாண்டியிருக்கும். மடிமேல் ஒரு தாள். அதைப் பார்த்து உதட்டுக்குள் ஏதோ சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள். வலது கை எப்போதும் வாய்க்கு முன்னால். மூக்கைச் சொறிவதுபோல, கன்னத்தைத் தாங்குவதுபோல, ஏதாவது ஒரு சாக்கு.

காற்று தாளைப் பறித்தது. இரண்டு கையாலும் பாய்ந்து பிடித்தாள். பிடித்துவிட்ட சந்தோஷத்தில், தன்னை மறந்து, பல் தெரியச் சிரித்தாள்.

மேல்வரிசை. இடப்பக்கம். இரண்டாவது பல்.

திருவிழாக் கூட்டத்தில் – (வேண்டாம்) – ரயிலடியில் தொலைத்த பிள்ளையைக் கண்ட தகப்பன் மாதிரி ஆகிவிட்டது செட்டுக்காரருக்கு. தான் செய்த பல்லை, அது இருக்கவேண்டிய இடத்தில், அதுவும் சிரிப்புக்கு நடுவில் பார்ப்பது முப்பது வருஷத்தில் இதுதான் முதல் தடவை. வாய் சும்மா இருக்கவில்லை.

"பல்லு ரொம்ப அழகா இருக்குங்க" என்றார்.

"என்னது?"

"தப்பா எடுத்துக்காதீங்க. இடது பக்கம் ரெண்டாவது. லேசாத் திரும்பி நிக்குது பாருங்க, அதுதான் அழகே."

அவள் கைப்பையை எடுத்து இருவருக்கும் நடுவில் வைத்தாள். "உங்களுக்கு என்ன வயது ஐயா?"

"அம்பத்தெட்டு."

"வீட்ல அம்மா இருக்காங்களா?"

"மனைவி இருக்கா."

"அப்ப வீட்டுக்குப் போய் அவங்க பல்லைப் பாருங்க."

"அது சொந்தப் பல்லுங்க" என்றார் செட்டுக்காரர், வருத்தத்தோடு.

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்பது உறைத்தது. அவள் முகம் சுண்டிவிட்டது. கை பழையபடி வாய்க்குப் போய்விட்டது.

"என்னோடது கட்டினதுன்னு எப்படித் தெரிஞ்சுது?"

"அந்தத் தொழில்ல இருக்கேங்க. டாக்டர் இல்லை. டாக்டருக்குப் பின்னாடி இருக்கிற ஆளு. அவர் அச்செடுத்து அனுப்புவார், நாங்க பல்லு பண்ணிக் குடுப்போம்."

"அப்படியா?" அவள் கொஞ்சம் திரும்பி உட்கார்ந்தாள். "அப்ப இதைப் பண்ணினது யாருன்னு உங்களால கண்டுபிடிக்க முடியுமா?"

செட்டுக்காரர் சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டார். பாராட்டு வருகிறது, அதை எப்படி வாங்கிக்கொள்வது என்ற கவலை. "எதுக்குங்க?" என்றார், அடக்கமாக.

"எதுக்கா?" கை வாயிலிருந்து இறங்கிவிட்டது. "இதைச் செஞ்சவன் மட்டும் என் கையில கிடைச்சான்னா..."

'செ' வரவேண்டிய இடத்தில் விசில் வந்தது. சின்ன விசில் இல்லை, ஆட்டத்தை நிறுத்துகிற விசில். நிறுத்தத்தில் நின்ற இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள்.

[அதுவரை அவள் பேச்சைத் திருப்பிப் பாருங்கள். 'சார்' என்று கூப்பிடவில்லை, 'ஐயா'. 'வயசு' இல்லை, 'வயது'. ஊதுகிற எழுத்து எதையும் கிட்டே சேர்க்காமல் இரண்டு வருஷமாகப் பேசிப் பழகியிருக்கிறாள். ஆத்திரம் வந்தால் காவல் தளர்ந்துவிடும். எழுதுகிற எனக்கே நாலு இடத்தில் மாட்டிக்கொண்டது.]

5

ஒருத்திக்கு ஒரு விசில் ஏன் இத்தனை பெரிய விஷயமாக இருக்கவேண்டும்?

முதலில் அவளைப் பாடகி ஆக்கினேன். அது ரொம்ப அதிகம். பள்ளிக்கூட டீச்சர் ஆக்கினேன். பிள்ளைகள் படுத்துகிற பாட்டை எழுத மனசு வரவில்லை. மூன்றாவதாக ரயில் நிலையத்தில் மைக் முன்னால் உட்காரவைத்தேன், அங்கே பொருந்தி உட்கார்ந்துவிட்டாள். கூட வேலை பார்க்கிறவர்கள் வைத்த பெயர் மைக்கக்கா. இது என் கற்பனை. நிஜத்தில் அவள் யாரோ. அவள் கையில் தாள் இருந்ததும், கை வாயை விட்டு இறங்காததும்தான் நான் பார்த்தது.

செட்டுக்காரர் தரையைப் பார்த்துக்கொண்டு கேட்டார்: "டாக்டர்கிட்ட சொன்னீங்களா?"

"பழகிடும்னார். ரெண்டு வருடமாப் பழகுறேன்." மைக்கக்கா தாளை நீவிவிட்டாள். "ரயில் நிலையத்துல மைக்ல அறிவிக்கிற வேலை எனக்கு. இருபத்தாறு வருடம். என் குரல் கேட்டா ஜனங்க மூட்டையைத் தூக்கிக்கிட்டு ஓடுவாங்க. ஈறு கெட்டு மேல்பல்லு பூரா எடுத்தாங்க, இதைக் கட்டினாங்க. மறுவாரமே மைக்கை வாங்கிக்கிட்டு, தொலைஞ்ச பொருள் கவுண்டர்ல உட்கார வெச்சுட்டாங்க. குடை, செருப்பு, ஒத்தைக் கையுறை. அதுங்ககூட எனக்கு என்ன பேச்சு?"

"இந்தத் தாளு?"

"நாளைக்குக் காலைல ஒன்பது மணிக்கு மேலதிகாரி முன்னாடி படிச்சுக் காட்டணும். ஒரே ஒரு தடவை. ஊதாம வந்தா மைக்கு. ஊதினா ரிட்டயர் ஆகுற வரைக்கும் குடையும் செருப்பும்."

செருப்பில் 'செ' வருகிறதே என்கிறீர்களா? வந்தது. ஊதியது. இரண்டு தடவையும் அவள் கண்ணை மூடிக்கொண்டுதான் சொன்னாள்.

"நாக்கு எங்க போய் முட்டுதுன்னு தெரியுதாங்க?" என்றார் அவர். குரல் இறங்கிவிட்டது.

"முன்பல்லுக்குப் பின்னாடி ஒரு மேடு. அது வழி விட மாட்டேங்குது."

அந்த நகக்கனம். அடுத்த நினைப்பு அதைவிட மோசம்: தட்டில் இருக்கிற வாய்களில் இன்னும் எத்தனை வாய் ஊதிக்கொண்டிருக்கிறதோ? ஒன்றுகூட உடைந்து வரவில்லை. சரி. ஒன்றுகூட வந்து பேசவும் இல்லையே.

6

இப்போது அவர் ஒப்புக்கொள்ளவேண்டும். இந்த இடத்தில் நான் ஒரு வாரம் நின்றேன்.

முதல் பிரதி: "அம்மா, அந்தப் பாவி நான்தான்!" (நாடகக்கொட்டகை.)

இரண்டாம் பிரதி: அவர் வாயே திறக்கவில்லை. அவர் பஸ் வருகிறது, ஏறிப் போகிறார். சத்தியமாகச் சொல்கிறேன், இதுதான் நடந்திருக்கும். என்னைப்போல நூறு பேர் இதைத்தான் செய்வோம். முகம் தெரியாத தப்பு அது. அவர் சொல்லாவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது? நாளை ஒன்பது மணிக்கு அவள் ஊதுவாள், குடைக்கும் செருப்புக்கும் திரும்பிப் போவாள், இவர் மத்தியானம் மிச்சம் வைக்காமல் சாப்பிடுவார்.

ஆனால் என் காது கேட்டது வேறு. தொழில்காரர்கள் சிலபேருக்கு மன்னிப்புக் கேட்கத் தெரியாது. ரிப்பேர் பண்ணத்தான் தெரியும். அதனால்தான்,

"அதைக் கொஞ்சம் கழற்றித் தர்றீங்களா? பல் செட்டை."

இங்கே என் பஸ் வந்தது. இனி முழுக்க முழுக்க என் கைச்சரக்கு.

7

"எதுக்கு?" என்றாள் மைக்கக்கா, கைக்குள்ளிருந்து.

"அந்த இடத்துல நான் கொஞ்சம் கனமா விடுவேங்க. உடையாம இருக்கட்டும்னு."

"நீங்க விடுவீங்களா?"

"நான்தான்."

அவள் அவரை மேலும் கீழும் பார்த்தாள். சட்டைப் பித்தான், சாப்பாட்டுப் பை, நகத்துக்குள் ஒட்டியிருந்த வெள்ளை மாவு எல்லாவற்றையும்.

"ரெண்டு வருடமா உங்களைத் திட்டிக்கிட்டிருக்கேன் ஐயா, தினம் ரெண்டு வேளை. முகம் தெரியாமத் திட்டுறது எவ்வளவு கஷ்டம் தெரியுமா?"

'கஷ்டம்' ஊதியது. அவள் பொருட்படுத்தவில்லை.

"என் கையால போன செட்டு இதுவரைக்கும் ஒண்ணுகூட உடைஞ்சு வந்ததில்லைங்க" என்றார் அவர்.

"அதான் வினையே. உடைஞ்சிருந்தா வேற வாங்கியிருப்பேன்."

செட்டுக்காரருக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டார். "பட்டறை ரெண்டு தெரு தள்ளித்தான். பத்து நிமிஷம். தேய்ச்சு மெலிசாக்கினா நாக்குக்கு வழி விடும். ஆனா ஒண்ணு சொல்லிடறேன். ரெண்டு வருஷம் வாயில ஊறின பொருள். தேய்க்கும்போது விரிசல் விட்டா ஒட்டினாலும் நிக்காது. நாளைக்கு ஒன்பது மணிக்கு உங்க வாயில மேல்பல்லே இருக்காது. இப்படியே போனா ஊதும், ஆனா பல்லு இருக்கும். நீங்கதான் சொல்லணும்."

அவள் தாளை நாலாக மடித்தாள். பிரித்தாள். திரும்ப மடித்தாள்.

அவருடைய செல்போன் அடித்தது.

"எங்க இருக்கீங்க?" மனைவியின் குரல் பெஞ்சுக்கே கேட்டது.

"ஸ்டாப்பிங்லதான். திரும்பப் பட்டறைக்குப் போகவேண்டி வரும்போல."

"எதுக்கு?"

"ஒரு ரிப்பேர்."

"உங்க கைக்குத்தான் ரிப்பேரே வராதே! ஊரெல்லாம் தம்பட்டம் அடிப்பீங்களே!"

"வந்திருக்கு" என்றார் அவர்.

அந்தப் பக்கம் ஏதோ பாத்திரத்தைக் கீழே வைக்கிற ஓசை. அப்புறம், "சரி, பதறாம நிதானமாப் பண்ணுங்க. நான் காத்திருக்கேன்" என்று வைத்துவிட்டாள்.

மைக்கக்கா கைப்பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்தாள். "அந்தம்மாவை ரொம்ப நேரம் காக்க வைக்காதீங்க ஐயா. நடங்க."

8

முடிவு எழுதிப் பார்த்தேன். மூன்று.

ஒன்றில் தேய்த்ததும் விசில் போய்விடுகிறது. மறுநாள் ரயில் நிலையம் முழுக்க அவள் குரல், ஜனங்கள் மூட்டையோடு ஓடுகிறார்கள். படிக்க நன்றாகத்தான் இருந்தது. படித்து முடித்ததும், கடைக்காரர் சும்மா கொடுத்த மிட்டாயை வாங்கித் தின்றதுபோல் இருந்தது.

இன்னொன்று ஒரே வரி: "டக்கென்று ஒரு சத்தம் கேட்டது." அதற்கப்புறம் எழுத எனக்குத் திராணியில்லை.

மூன்றாவதில் பாதி போகிறது, பாதி ஊதுகிறது, மேலதிகாரி யோசிக்கிறார். (முடிவெடுக்கத் தைரியமில்லாதவர்கள் எழுதுகிற முடிவு.)

மூன்றையும் கிழித்துவிட்டு, படியேறி அவர்கள் பின்னாலேயே பட்டறைக்குப் போனேன். எட்டிப் பார்ப்பது எனக்குப் புதிதா என்ன?

செட்டுக்காரர் விளக்கைப் போட்டார். மேசையில் வெள்ளைத் துணி விரித்தார். அதற்குமேல் என்ன செய்வது என்று தெரியாமல் கையைத் துடைத்துக்கொண்டு நின்றார். மைக்கக்கா முக்காலியில் உட்கார்ந்தாள்.

"எங்க வீட்டுக்காரர் முன்னாடிகூட நான் இதைக் கழற்றினதில்லை. விளக்கை அணைச்ச பிறகுதான்" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "திரும்பிக்கங்க" என்றாள்.

அவர் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார்.

பல் இல்லாமல் அவள் பேசமாட்டாள். அதனால் மேசையை இரண்டு தட்டுத் தட்டினாள். அவர் பின்பக்கமாகக் கையை நீட்டி, துணியோடு எடுத்துக்கொண்டார். சூடு ஆறாமல் இருந்தது. முப்பது வருஷத்தில் சூடான செட்டை அவர் தொட்டதே இல்லை.

பேனா மாதிரி இருந்த மெஷின் இரைந்தது. ரோஜா நிறத் தூள் பறந்தது. கொஞ்சம் தேய்ப்பார், நிறுத்துவார், விளக்குக்கு எதிரே தூக்கிப் பிடித்துப் பார்ப்பார். வெளிச்சம் ஊடுருவுகிறதா? இன்னும் இல்லை. திரும்பத் தேய்ப்பார். ஒவ்வொரு தடவை மெஷின் நின்றபோதும் முதுகுக்குப் பின்னால் அவள் மூச்சும் நின்றது. ஒரு தடவை அவருடைய கை அந்தப் பழைய கனத்திலேயே நின்றுகொண்டது, அதற்குமேல் இறங்கமாட்டேன் என்று. அவர் அந்தக் கையைப் பார்த்தார். இறக்கினார்.

விளக்கொளி அந்த மேட்டின் வழியே மங்கலாகச் சிவந்தது. அதற்குமேல் தேய்த்தால் ஆபத்து. இதோடு விட்டால் போதுமா என்பது விளக்குக்குத் தெரியாது, கண்ணுக்குத் தெரியாது. நாக்குக்குத்தான் தெரியும்.

மெருகேற்றினார். கழுவினார். திரும்பாமலே நீட்டினார்.

போட்டுக்கொள்கிற சின்ன ஓசை கேட்டது. தாள் பிரிகிற ஓசை கேட்டது.

"சொல்லிப் பாருங்க" என்றார் அவர், சுவரிடம்.

அவள் சொல்லவில்லை. உள்ளே நாக்கு அந்த இடத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டிருக்கவேண்டும். 'செருப்பு' என்று தொடங்குவாளோ, தாளில் இருக்கிற முதல் வரியையோ, இல்லை அவரை 'சார்' என்றே கூப்பிட்டுவிடுவாளோ, எனக்குத் தெரியாது. கதவிடுக்கில் கண்ணை வைத்துக்கொண்டு நான் நிற்கிறேன். காது துடிக்கிறது. ஒரு நொடி பொறுத்தால் தெரிந்துவிடும்.

ஆனால் அவள் மூச்சை உள்ளே இழுத்த விதத்தில் ஏதோ இருந்தது. குளிக்கும்முன் கதவைத் தாழிட்டுவிட்டோமா என்று பார்ப்போமே, அதுபோல. நான் கதவிடுக்கிலிருந்து கண்ணை எடுத்துக்கொண்டேன். காதையும். வாழ்க்கையில் முதல் தடவை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நீங்களும் கொஞ்சம் திரும்பிக்கொள்ளுங்கள். வாயைத் திறக்கப்போவது அவள். எது வந்தாலும் முதலில் அவள் காதில் விழட்டும்.